கடல் ஏறிய வீட்டின் வாடகை யாருக்கு? காலநிலை அறிவியல் புனைகதை எழுதுவோருக்கு ஒரு வழிகாட்டி

காலநிலை மாற்றத்தை வைத்து அறிவியல் புனைகதை எழுத முனைகிறவர்களின் முதல் கைப்பிரதி பெரும்பாலும் ஒரே காட்சியில்தான் தொடங்குகிறது. ஆண்டு 2100. அண்ணா சாலை எல்.ஐ.சி. கட்டடத்தின் உச்சி மட்டும் நீருக்கு மேலே தெரிகிறது. அதைச் சுற்றி ஒருவன் படகோட்டியபடி, தாத்தா சொன்ன பழைய சென்னையை நினைத்துப் பார்க்கிறான். நானும் அப்படி ஒரு கதையைத் தொடங்கியிருக்கிறேன். இரண்டாம் பக்கத்துக்கு மேல் அந்தப் படகோட்டி என்ன செய்வான் என்று தெரியாமல் நின்றும் இருக்கிறேன். அவன் இரவில் எங்கே படுக்கிறான், பிடித்த மீனை யாரிடம் விற்கிறான், அவனுடைய குடிநீர் எங்கிருந்து வருகிறது, மூழ்காத மாடியில் குடியிருக்க யாருக்கு என்ன கொடுக்கிறான் என்ற கேள்விகளில் ஒன்றுக்கும் என்னிடம் விடை இல்லை. பார்க்கத் தகுந்த காட்சி ஒன்று இருந்ததே தவிர, வாழத் தகுந்த உலகம் அதில் இல்லை.

வெள்ளமோ புயலோ சில நாட்களில் முடிந்துவிடும். அதன் பிறகு மனிதர்கள் தமக்குள் செய்துகொள்ளும் ஏற்பாடுதான் தலைமுறைகளுக்கு நீள்கிறது: தண்ணீர் யாருக்கு முதலில், சுவருக்கு உள்ளே யார் வீடு, வெளியே யார் வீடு, எந்த வேலை ஒழிந்தது, எந்த வேலை புதிதாக வந்தது. அறிவியல் புனைகதை காலநிலை மாற்றத்தைத் தொடும்போது அது மிக நன்றாகச் செய்யக்கூடிய காரியம் இந்த ஏற்பாட்டைக் கண்முன் நிறுத்துவதுதான். இந்த வழிகாட்டி அதற்கான ஒரு முறையைச் சொல்கிறது. வேறு முறைகளும் உண்டு. நான் பழகியது இது.

ஒரே ஒரு காரணத்தைப் பிடியுங்கள்

காலநிலை மாற்றம் என்பது ஒரு நிகழ்வன்று. பல நிகழ்வுகளின் கொத்து. சிறுகதைக்கு அந்தக் கொத்து முழுவதும் தாங்காது. கடல்மட்ட உயர்வு, வெப்ப அலை, பருவமழை பிறழ்தல், நிலத்தடி நீரில் உப்பேறுதல், பவளப்பாறைகள் வெளுத்தல் ஆகியவற்றுள் ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு, அது எப்படி நிகழ்கிறது என்பதை உங்கள் சொந்த வார்த்தைகளில், ஒரு பத்தாம் வகுப்பு மாணவருக்குச் சொல்வதுபோல், அரைப் பக்கத்தில் எழுதிப் பாருங்கள். எழுத முடியவில்லையென்றால் இன்னும் கதை தொடங்கும் நேரம் வரவில்லை.

வெப்பத்தை எடுத்துக்கொள்வோம். வெயில் 45 டிகிரி அடித்தது என்று எழுதினால் வாசகருக்கு எந்த அதிர்ச்சியும் இருக்காது, வேலூர்க்காரர் சிரித்துக்கொள்வார். உடலைக் கொல்வது வெப்பமும் ஈரமும் சேர்ந்த சூழல். வியர்வை ஆவியாகும்போதுதான் உடல் குளிர்கிறது. காற்று ஏற்கெனவே ஈரத்தால் நிறைந்திருந்தால் வியர்வை வழியுமே தவிர ஆவியாகாது. இதை அளக்க, வெப்பமானியின் குமிழை ஈரத்துணியால் சுற்றி எடுக்கும் அளவை ஈரக்குமிழ் வெப்பநிலை என்கிறார்கள். அது 35 டிகிரி செல்சியஸைத் தொட்டு நீடித்தால், நிழலில் சும்மா உட்கார்ந்திருக்கும் திடகாத்திரமான மனிதர்கூடச் சில மணி நேரத்துக்கு மேல் தாங்க முடியாது என்பது கோட்பாட்டு எல்லை. அண்மைக்கால உடற்சோதனைகள் உண்மையான எல்லை அதற்கும் கீழே இருப்பதாகக் காட்டுகின்றன.

இந்தத் தகவலை அப்படியே கதைக்குள் கொட்டினால் அது பாடப்புத்தகமாகிவிடும். ஆனால் நம் வீடுகளில் ஈரக்குமிழ் வெப்பமானி தலைமுறை தலைமுறையாக இருந்திருக்கிறது. அதன் பெயர் மண்பானை. பானையின் புறத்தில் கசியும் நீர் ஆவியாவதால்தான் உள்ளே இருக்கும் தண்ணீர் குளிர்கிறது. ஆவியாக முடியாத நாளில் பானைத் தண்ணீர் வெதுவெதுப்பாகவே கிடக்கும். காலையில் பானையில் கைவைத்துப் பார்த்துவிட்டு, ‘இன்றைக்கு யாரும் வெளியே போக வேண்டாம்’ என்று சொல்லும் ஒரு கிழவியை எழுதினால், அறிவியலும் பாத்திரமும் ஒரே வரியில் வந்துவிடுகின்றன. காரணத்தை நன்றாகப் புரிந்துகொண்டவருக்குத்தான் இப்படி ஒரு பானை கைக்கு அகப்படும்.

காரணத்தை மாற்றி வைத்தும் நல்ல நாவல் எழுதலாம் என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஜே.ஜி. பல்லார்ட் 1962-இல் வெளியிட்ட ‘தி ட்ரௌண்ட் வேர்ல்ட்’ நாவலில் லண்டன் வெப்பமண்டலக் காயலாகிவிடுகிறது; ஆனால் அதற்குக் காரணம் சூரியனில் எழுந்த புயல்கள், மனிதர் எரித்த நிலக்கரி அல்ல. அந்த நாவலின் அக்கறை மனத்துக்குள் நிகழும் பின்னோக்கிய பயணத்தில் இருப்பதால் அது அங்கே பொருந்துகிறது. இன்று எழுதுபவர் அதே வழியில் போனால், குற்றம் செய்தவர் யாரும் இல்லாத கதையாகிவிடும். அந்த வசதியை நாம் எடுத்துக்கொள்ளக் கூடாது என்பது என் கருத்து.

கணக்கைப் போட்டுப் பாருங்கள்

ஜூல் வெர்ன் 1889-இல் எழுதிய ஒரு நாவலில், அமெரிக்கப் பீரங்கிச் சங்கத்தார் வட துருவப் பகுதியை ஏலத்தில் வாங்குகிறார்கள். அங்கே பனிக்கு அடியில் நிலக்கரி இருக்கிறது என்பது அவர்கள் நம்பிக்கை. பனியை உருக்குவதற்காகக் கிளிமஞ்சாரோ மலைக்குள் மாபெரும் பீரங்கி ஒன்றைக் குடைந்து, அது வெடிக்கும் உதைப்பில் பூமியின் அச்சையே நிமிர்த்திவிடத் திட்டமிடுகிறார்கள். பீரங்கி வெடிக்கிறது, பூமி அசையவில்லை. கணக்குப் போட்டவர் பூமியின் சுற்றளவை மீட்டரில் எழுதும்போது மூன்று பூஜ்யங்களை விட்டுவிட்டார். (நிலக்கரிக்காகத் துருவத்தை உருக்க நினைத்தார்கள், நடந்ததோ, நிலக்கரியை எரித்ததால் துருவம் உருகியது. எள்ளலாக எழுதிய வெர்ன்கூட இந்தத் திருப்பத்தை எதிர்பார்த்திருக்க மாட்டார்.)

அந்த மூன்று பூஜ்யங்கள் நம் கைப்பிரதிகளிலும் அடிக்கடி தவறிவிடுகின்றன. எல்.ஐ.சி. கட்டடத்துக்கே திரும்புவோம். ஐ.நா.வின் காலநிலை அறிவியல் குழு 2021-இல் வெளியிட்ட அறிக்கையின்படி, 2100-க்குள் உலகக் கடல்மட்டம் உயரக்கூடிய அளவு, நாம் வெளியிடும் கரியமில வாயுவைப் பொறுத்து, ஏறத்தாழ 0.28 மீட்டரிலிருந்து 1.01 மீட்டர் வரை. பனிப்படலங்கள் எதிர்பாராத வேகத்தில் சரிந்தால் 2 மீட்டரை நெருங்கும் வாய்ப்பையும் அக்குழு முற்றாக ஒதுக்கிவிடவில்லை. கிரீன்லாந்தின் பனி முழுவதும் உருகினால் கடல் சுமார் 7 மீட்டர் உயரும். அதற்கு நூற்றாண்டுகள் வேண்டும். பதினான்கு மாடிக் கட்டடத்தின் உச்சியைக் கடல் தொட வேண்டுமானால் அதோடு அண்டார்க்டிகாவின் பெரும்பகுதியும் கரைய வேண்டும். ஆகவே 2100-இல் அந்தப் படகோட்டிக்கு அங்கே வேலை இல்லை.

‘அப்படியானால் அரை மீட்டர்தானா, அதில் என்ன கதை இருக்கிறது?’ என்று சோர்ந்துபோகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். உண்மையில் அங்கேதான் கதை தொடங்குகிறது. சென்னை போன்ற தட்டையான நகரத்தில் கடல் அரை மீட்டர் உயர்ந்தால், ஓதம் (கடல்நீரின் அன்றாட ஏற்றம்) ஏறும் நேரத்தில் கூவமும் அடையாறும் கடலுக்குள் நீரை விட முடியாமல் தேங்கும். அதே நேரத்தில் கனமழை பெய்தால் மழைநீர் வடிகால்கள் தெருவிலிருந்து நீரை எடுத்துச் செல்வதற்குப் பதிலாகத் தெருவுக்கே திருப்பிக் கொண்டுவரும். காற்றின் வெப்பம் ஒரு டிகிரி கூடினால் அது சுமார் 7 விழுக்காடு அதிக நீராவியைத் தாங்கும் என்பதால், பெய்யும் மழையும் முன்பைவிட வலுத்திருக்கும். கடலோரக் கிணறுகள் உப்பேறும். சென்னைக்கு வடக்கே உள்ள மீஞ்சூர்ப் பகுதியில் நிலத்தடி நீரை அளவுக்கு மீறி உறிஞ்சியதால், கடல்மட்டம் குறிப்பிடத்தக்க அளவு உயரும் முன்பே உப்புநீர் பல கிலோமீட்டர் உள்ளே வந்துவிட்டது. அதே வட்டாரத்தில்தான் 2010-இல் நாளொன்றுக்கு 10 கோடி லிட்டர் கடல்நீரைக் குடிநீராக்கும் ஆலை வந்தது. நன்னீரை இழந்த ஊரின் அருகிலேயே கடலைக் குடிநீராக்கி நகரத்துக்கு அனுப்பும் ஆலை நிற்கிறது என்பதைக் கற்பனையாக எழுதியிருந்தால், வலிந்து செய்த முரண் என்று விமர்சகர் சொல்லியிருப்பார்.

அளவை வேண்டுமென்றே மிகைப்படுத்தலாமா என்றால், தாராளமாகச் செய்யலாம். ஆனால் செய்ததை ஒப்புக்கொண்டு அதன் விளைவுகளைக் கடைசிவரை கொண்டுபோக வேண்டும். கிம் ஸ்டான்லி ராபின்சன் 2017-இல் எழுதிய ‘நியூயார்க் 2140’ நாவலில் கடல் 50 அடி ஏறியிருக்கிறது. அவருக்கு மன்ஹாட்டனின் தெருக்கள் கால்வாய்களாக வேண்டியிருந்தன. அதற்காக அந்த அளவை எடுத்துக்கொண்டார். அதன் பின் அவர் செய்ததுதான் பாடம். ஓதம் ஏறி இறங்கும் பகுதியிலுள்ள கட்டடங்கள் சட்டப்படி யாருக்குச் சொந்தம் என்ற வழக்கு, அந்தச் சொத்துகளின் விலையை வைத்துச் சூதாடும் பங்குச்சந்தைக் குறியீடு, ஒரு வானளாவியைக் கூட்டுறவாக நடத்தும் குடியிருப்பாளர் சங்கம் என்று நாவல் நகர்கிறது. ஒரு பேரழிவு நாவலில் வீட்டுவசதிச் சங்கக் கூட்டம் இத்தனை சுவையாக இருக்க முடியும் என்று நான் நினைத்ததில்லை. இதற்கு மாறாக, 2004-இல் வந்த ‘தி டே ஆஃப்டர் டுமாரோ’ திரைப்படம் அட்லாண்டிக் நீரோட்டம் தடைப்படுவது என்ற மெய்யான அறிவியல் கவலையை எடுத்துக்கொண்டு, பல பத்தாண்டுகளில் நிகழ வேண்டியதைச் சில நாட்களில் நடத்திக் காட்டியது. ஓடித் தப்பும் காட்சிகள் கிடைத்தன, வாழ்க்கை கிடைக்கவில்லை.

ஆண்டைத் தேர்ந்தெடுத்தல்

வெகுதூர எதிர்காலம் எழுத எளிது. அங்கே யாரும் வந்து சரிபார்க்க முடியாது. இருபது முதல் நாற்பது ஆண்டுகளுக்குள் அமையும் கதை கடினமானது. வாசகரோ அவருடைய பிள்ளையோ அந்த ஆண்டில் உயிரோடு இருப்பார் என்பதால் அதுவே கூர்மையாகத் தைக்கும். ஆக்டேவியா பட்லர் 1993-இல் வெளியிட்ட ‘பேரபிள் ஆஃப் த சோவர்’ நாவலை 2024 ஜூலையில் தொடங்கினார். லாஸ் ஏஞ்சலிஸுக்கு அருகே சுவர் எழுப்பி வாழும் ஒரு தெருக்கூட்டம். வெளியே தண்ணீர் பெட்ரோலைவிடப் பல மடங்கு விலை. அந்த ஆண்டு வந்து போய்விட்டது. அவர் சொன்னதில் எது பலித்தது என்று பட்டியல் போடுவது வீண்வேலை. முப்பது ஆண்டு தூரத்தில் கதையை வைத்ததால், தன் காலத்து அமெரிக்காவில் ஏற்கெனவே இருந்த போக்குகளை மட்டும் நீட்டித்துப் பார்க்க அவரால் முடிந்தது என்பதைக் கவனியுங்கள். புதிய கண்டுபிடிப்பு எதுவும் அவருக்குத் தேவைப்படவில்லை.

ஆண்டை முடிவு செய்தவுடன் ஒரு தாளில் பாத்திரங்களின் பிறந்த ஆண்டுகளை எழுதி வையுங்கள். 2055-இல் கதை நடக்கிறது, நாயகிக்கு வயது 20 என்றால் அவள் பிறந்தது 2035. அவளுக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்து குழாயில் உப்புநீர்தான் வருகிறது என்றால், அதைக் கண்டு அவள் வியக்க மாட்டாள், வருந்தவும் மாட்டாள். ஒவ்வொரு தலைமுறையும் தான் பிறந்தபோது இருந்த நிலையையே இயல்பு என்று கொள்கிறது. இந்த விதியை மறந்துவிட்டு, தன் உலகத்தைத் தானே சுற்றுலாப் பயணிபோல் விவரித்துக்கொண்டு நடக்கும் பாத்திரங்கள்தான் இவ்வகைக் கதைகளின் பெருங்குறை.

ஓர் எடுத்துக்காட்டு. ‘2055-ஆம் ஆண்டில், புவி வெப்பமடைந்து கடல்நீர் உட்புகுந்ததால் நெல் விளையாமல் போன தன் வயலைப் பார்த்து முருகேசன் கண்ணீர் விட்டான்’ என்ற வரி எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறது. ஆனால் ஒன்றும் நிகழவில்லை. ‘இந்தத் தடவையும் இறாலுக்கு விலை இறங்கினால் வயலை உப்புக்கு விட்டுவிடலாமா என்று அப்பா கேட்டார், நெல் என்ற பேச்சை யாரும் எடுக்கவில்லை’ என்ற வரியில் கடல் எங்கே வந்து நிற்கிறது என்பதை வாசகர் தாமே கண்டுகொள்கிறார். முந்தைய நிலை நினைவில் இருக்கும் ஒரே ஒரு முதியவரைக் கதையில் வைத்துக்கொள்ளலாம். அவரையும் புலம்ப விடாதீர்கள். பழக்கதோஷத்தில் ஒரு தவறு செய்ய விடுங்கள். கிணற்றடியில் குனிந்து ஒரு கை நீர் அள்ளிக் குடித்துவிட்டு, துப்பட்டும்.

ஏற்பாட்டை எழுதுதல்

உழைக்க வேண்டிய பகுதி இதுதான். 2019 ஜூலை 12 அன்று ஜோலார்பேட்டையிலிருந்து 50 வேகன்களில் 25 லட்சம் லிட்டர் தண்ணீரோடு முதல் ரயில் சென்னை வில்லிவாக்கத்துக்கு வந்தது. அதை வரவேற்கப் பலர் கூடினார்கள், படம் பிடித்தார்கள். காட்சியாகப் பார்த்தால் அது ஒரு ரயில். ஏற்பாடாகப் பார்த்தால் அதில் பத்துக் கதைகள் இருக்கின்றன. வேகன்களைக் கழுவியது யார்? ஜோலார்பேட்டையில் தன் வீட்டுக் குழாய் சொட்டுவதைப் பார்த்துக்கொண்டு அந்த ரயில் போவதையும் பார்த்த பெண் என்ன நினைத்தாள்? வில்லிவாக்கத்தில் இறங்கிய தண்ணீர் எந்தத் தெருவுக்கு முதலில் போனது என்பதை யார் முடிவு செய்தார்? அந்த ரயில் சில மாதங்களுக்குப் பதிலாக நாற்பது ஆண்டுகள் ஓடினால் என்ன ஆகும் என்று கேட்டுப் பாருங்கள். உடனே அறிவியல் புனைகதை வந்துவிடும். தண்ணீர் ரயிலுக்கு ஒரு தொழிற்சங்கம் இருக்கும், அதன் தடத்தில் ஒரு திருட்டுத் தொழில் முளைத்திருக்கும், வேகன் நின்று போகும் ஊர்களில் மனை விலை ஏறியிருக்கும், மாப்பிள்ளைக்கு ‘ரயில் தண்ணீரில் வேலை’ என்றால் பெண் வீட்டார் நிமிர்ந்து உட்காருவார்கள்.

நான்கு கேள்விகளை வைத்துக்கொண்டால் பெரும்பாலும் போதும்: இதில் பிழைப்பவர் யார், இதற்கு விலை என்ன, இதை ஒழுங்குபடுத்தும் சட்டமோ வழக்கமோ என்ன, அதை மீறுகிறவர் யார். பாவ்லோ பாசிகலுப்பியின் ‘தி விண்ட்அப் கேர்ள்’ (2009) நாவலில் பாங்காக் நகரம் கடல்மட்டத்துக்குக் கீழே, சுவருக்கும் நீரிறைக்கும் எந்திரங்களுக்கும் பின்னால் உயிர்வாழ்கிறது. அங்கே அதிகாரம் என்பது அந்த எந்திரங்களையும் விதைகளையும் யார் கையில் வைத்திருக்கிறார் என்பதே. கதை முழுவதும் அந்தச் சுவரின் இருப்பு நம் முதுகில் அழுத்திக்கொண்டே இருக்கிறது.

நம் பக்கத்தில் தேடினால் இவ்வகை வேலைகளுக்குப் பஞ்சமில்லை. செம்பரம்பாக்கம் ஏரியின் முழு ஆழம் 24 அடி, கொள்ளளவு 3,645 மில்லியன் கன அடி. நீர் 22 அடியைத் தொடும் இரவில், மதகைத் திறக்க உத்தரவுக்குக் காத்திருக்கும் ஊழியர் ஒருவரின் கதையை யாராவது எழுதினால் 2015 டிசம்பர் வெள்ளத்தை மறக்காத எந்தச் சென்னைவாசியும் அதை நடுவில் கீழே வைக்க மாட்டார். தென்மாவட்டங்களில் கண்மாய் நீரை வயலுக்கு வயல் பங்கிட்டுத் தந்த நீர்க்கட்டி என்ற பொறுப்பு இருந்தது; அந்த வேலையை ஒரு கணினி நிரல் செய்யத் தொடங்கினால், பங்கில் வந்த சண்டையை யாரிடம் கொண்டுபோவது? தமிழக அரசு 2024-இல் வெப்ப அலையை மாநிலப் பேரிடராக அறிவித்தது. நிவாரணம் கிடைக்க வேண்டுமானால் வெப்பத்தால்தான் இறந்தார் என்று ஒருவர் எழுதித்தர வேண்டும். சாலை போடும் வேலையில் விழுந்து இறந்தவரின் சான்றிதழில் ‘மாரடைப்பு’ என்று எழுதுவதா வேறு எழுதுவதா என்று பேனாவோடு உட்கார்ந்திருக்கும் இளம் மருத்துவரை 2045-இல் வைத்துப் பாருங்கள். அந்த ஆண்டுக்குள் அவருடைய மேசையில் அப்படிப்பட்ட தாள்கள் எத்தனை சேர்ந்திருக்கும்?

திணை திரிதல்

தமிழில் எழுதுகிறவருக்கு வேறு மொழிக்காரருக்குக் கிடைக்காத ஒரு கருவி இருக்கிறது. சிலப்பதிகாரத்தின் காடுகாண் காதையில் மாங்காட்டு மறையோன் மதுரைக்கு வழி சொல்லும்போது, வேனிலும் வெங்கதிரும் காய்வதால் முல்லையும் குறிஞ்சியும் தம் இயல்பு கெட்டுப் பாலை என்ற வடிவம் கொள்ளும் என்கிறான். நிலம் நிலையானது அன்று, வெப்பத்தால் ஒரு திணை இன்னொன்றாகத் திரியும் என்பது நம் இலக்கியத்துக்குள் முன்பே இருக்கும் எண்ணம். திணை மாறினால் அதனோடு தெய்வமும் உணவும் தொழிலும் பறையும் பூவும் மாறும். காதலின் மனநிலைகூட மாறும். காலநிலைக் கதைக்கு இதைவிடச் செறிவான சட்டகம் எனக்குத் தெரியாது. மருதம் நெய்தலாகத் திரியும் ஒரு டெல்டா கிராமத்தை எடுத்துக்கொண்டு, ஊடலுக்குரிய நிலத்தில் இரங்கல் வந்து குடியேறுவதை எழுதலாம். சட்டகத்தை வாசகருக்கு விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. உங்கள் குறிப்பேட்டில் கருப்பொருள் பட்டியல் ஒன்று இருந்தால் போதும்.

அதே மறையோன் வாயில்தான் பஃறுளியாற்றையும் குமரிக்கோடு என்ற மலையையும் கடல் கொண்ட செய்தியும் வருகிறது. நம்மவர் பலர் காலநிலை என்றவுடன் ஓடிப்போய்ப் பிடிப்பது இந்தக் கடல்கோளைத்தான். நான் அதைத் தவிர்க்கச் சொல்வேன். கடல்கோள் ஒரே அலையில் வந்து எல்லோரையும் சமமாக விழுங்கும் கற்பனை. அதில் சினம் கொண்ட கடல்தான் பாத்திரம். இப்போது ஏறிவரும் கடல் ஆண்டுக்குச் சில மில்லிமீட்டர் கணக்கில் வருகிறது. முதலில் யார் வீட்டுக்குள் வருகிறது என்பதில் நிலவிலையும் சாதியும் அரசாணையும் கலந்திருக்கின்றன.

வானத்தைச் செப்பனிடும் கதைகள்

பூமியைச் செயற்கையாகக் குளிர்விக்கும் திட்டங்களை எழுத விரும்புகிறவர்கள் இப்போது பெருகியிருக்கிறார்கள். 1991 ஜூனில் பிலிப்பைன்ஸின் பினடூபோ எரிமலை வெடித்து, அதன் கந்தகத் துகள்கள் வளிமண்டலத்தின் மேலடுக்கில் பரவியதால் உலகச் சராசரி வெப்பம் ஓரிரு ஆண்டுகளுக்குச் சுமார் அரை டிகிரி குறைந்தது. அதையே விமானங்களை வைத்துச் செய்தால் என்ன என்பதுதான் யோசனை. 2013-இல் வந்த ‘ஸ்னோபியர்சர்’ திரைப்படத்தில் அப்படித் தூவிய மருந்து உலகையே உறையவைத்து, மிஞ்சியவர்களை வகுப்பு வகுப்பாக ஒரு ரயிலில் அடைத்துவிடுகிறது. ராபின்சனின் ‘தி மினிஸ்ட்ரி ஃபார் த ஃப்யூச்சர்’ (2020) உத்தரப் பிரதேசத்தில் இரண்டு கோடிப் பேரைக் கொல்லும் வெப்ப அலையோடு தொடங்குகிறது. அதன் பிறகு இந்தியா யாரையும் கேட்காமல் விமானங்களை அனுப்பிக் கந்தகத்தைத் தூவுகிறது. எந்திரம் எப்படி வேலை செய்கிறது என்பதில் பக்கங்களைச் செலவிடாதீர்கள். விசையைக் கையில் வைத்திருப்பவர் யார், தூவியதால் தன் ஊரில் பருவமழை பொய்த்தது என்று சொல்கிறவர் எந்த நீதிமன்றத்துக்குப் போவார், தூவுவதை நிறுத்தினால் அடக்கிவைத்த வெப்பமெல்லாம் ஒரேயடியாகத் திரும்பும் என்பதால் எத்தனை தலைமுறை அதை நிறுத்த முடியாமல் கட்டுண்டு கிடக்கும் என்பவையே கதைகள்.

நம்ப முடியாததும் சொற்களும்

அமிதவ் கோஷ் 1978 மார்ச்சில் டெல்லியில் ஒரு சுழற்காற்றில் சிக்கினார். அந்நகரில் அப்படி ஒன்று நடப்பது மிக அரிது. பல ஆண்டுகள் முயன்றும் அந்த அனுபவத்தைத் தம் நாவல் எதிலும் வைக்க முடியவில்லை என்றும், நடக்கக்கூடியதை மட்டுமே ஏற்கும் யதார்த்த நாவலின் வடிவம் அரிய நிகழ்வுகளைத் தள்ளிவிடுகிறது என்றும் 2016-இல் வந்த ‘தி கிரேட் டிரேஞ்ச்மென்ட்’ நூலில் எழுதினார். ஒரே நகரம் 2015-இல் படகுகளில் மீட்கப்பட்டு, 2019-இல் ரயிலில் தண்ணீர் தருவித்தது என்று 2010-இல் ஒருவர் எழுதி அனுப்பியிருந்தால், எந்த ஆசிரியரும் ‘இரண்டில் ஒன்றை எடுத்துவிடுங்கள்’ என்றுதான் சொல்லியிருப்பார். அறிவியல் புனைகதைக்கு இந்த இடத்தில் ஓர் உரிமம் உண்டு. அதன் வாசகர் அரியதை எதிர்பார்த்தே வருகிறார். ஆனால் பெரியதை நம்பவைப்பது எப்போதும் சிறியதுதான். வெள்ளத்தின் உயரத்தைவிட, வடிந்த பின் சுவரில் நிற்கும் கறைக்கோட்டுக்கு மேலே நாட்காட்டியை மாட்டும் பழக்கம் நம்பத் தகுந்தது.

சொற்களுக்கும் இதே விதிதான். எதிர்கால மக்கள் ‘நன்னீர் வழங்கல் அலகு’ என்று பேச மாட்டார்கள். இன்றைய சென்னையில் மெட்ரோ தண்ணி, லாரி தண்ணி, கேன் தண்ணி, போர் தண்ணி என்று வந்த வழியை வைத்தே தண்ணீருக்குப் பெயர். நாளைய தண்ணீருக்கும் மக்கள் அப்படித்தான் பெயரிடுவார்கள். பழமொழிகளையும் கவனியுங்கள். ஆடிப்பட்டம் தேடி விதைக்கச் சொன்ன வழக்கு, ஆடி மழை இடம்மாறிய பின்னும் நாக்கில் இருக்கும், பொருள்தான் மாறியிருக்கும். கிடைக்காததைத் தேடி அலைகிறவனைக் கேலி செய்ய 2060-இல் ‘ஆடிப்பட்டம் தேடுகிறான்’ என்று சொல்லலாம். கடலோரத்தார் வாடை, கொண்டல், கச்சான் என்று காற்றுக்கு வைத்திருக்கும் பெயர்களோடு மாதமும் மீனும் ஒட்டியிருக்கின்றன. காற்று மாதம் தவறி வீசும்போது அந்தப் பெயர் பொய் சொல்லத் தொடங்கும்.

தொழில் தெரிந்தவரிடம் காட்டுங்கள்

கதை முடிந்ததும் அறிவியல் படித்த நண்பரிடம் காட்டுவது வழக்கம், நல்லதுதான். அதற்கு முன் கதையில் வரும் தொழிலைச் செய்கிறவரிடம் வாசித்துக் காட்டுங்கள். வேதாரண்யத்து உப்பளத்தில் ஐப்பசி மாத நிலவொளியில் பெண்கள் உப்பு வாரும் காட்சியோடு தொடங்கும் கதை ஒன்றை ஒருமுறை எழுதியிருந்தேன். உப்பளத்தில் வேலை பார்த்த ஒருவர் முதல் பத்தியைக் கேட்டதுமே கையை உயர்த்தி நிறுத்தினார். ‘ஐப்பசியில ஏதுங்க உப்பு? மழையில பாத்தியே கரைஞ்சு கெடக்கும். தை மாசம் பாத்தி கட்டி, அப்புறந்தான் எல்லாம்.’ மாதத்தை மாற்றிவிடலாம் என்று பேனாவை எடுத்தேன். பிறகு அந்த ஐப்பசியை அப்படியே விட்டுவிட்டு, மற்ற பதினொரு பக்கங்களையும் கிழித்துவிட்டு, வடகிழக்குப் பருவமழை வராத முதல் ஆண்டில், வாரக் கூடாத மாதத்தில் விளைந்து கிடக்கும் உப்பை வாரலாமா என்று தெரியாமல் வரப்பில் நிற்கும் பெண்களிலிருந்து மறுபடி தொடங்கினேன்.